கொள்கைக் குன்றின் வேட்டி

முருகையனின் வேட்டிக் கரை முதன்முறையாக நிறம் மாறியது ஒரு செவ்வாய்க்கிழமை காலை, மொட்டைமாடிக் கயிற்றில் காய்ந்துகொண்டிருந்தபோது. அலசிப் போட்டபோது அரக்காக இருந்தது, மடிக்க எடுத்தபோது கிளிப்பச்சையாக இருந்தது. அவர் மனைவி ஜெயம் அதை வெயிலில் விரித்துப் பார்த்தாள், எச்சில் தொட்டுத் தேய்த்துப் பார்த்தாள், பிறகு நேரு வீதியில் அதை விற்ற கடைக்காரனை அவன் இல்லாத இடத்திலேயே நன்றாகத் திட்டிவிட்டு இஸ்திரி போட்டு வைத்தாள். அன்று சட்டசபை இருந்தது. வேறு வேட்டி காயவில்லை.

இந்த வரலாற்றில் கட்சிகளின் பெயரை எழுதப்போவதில்லை. எங்கள் ஊரில் கட்சிப் பெயர்கள் நிலையில்லாதவை. முன்னால் ஒரு சொல் ஒட்டிக்கொள்ளும், பின்னால் ஒரு தலைவரின் இனிஷியல் ஒட்டிக்கொள்ளும், ஒரு பொதுக்குழு கூடிக் கலைந்தால் ஒன்று இரண்டாகியிருக்கும். நிறம்தான் நிற்கும். அப்போது ஆட்சியில் இருந்தது அரக்குக் கட்சி. எதிரில் உட்கார்ந்திருந்தது கிளிப்பச்சைக் கட்சி. எந்தப் பக்கம் சாய்ந்தாலும் நன்றி சொல்லத் தயாராக நடுவில் இருந்தது மயில்கழுத்துக் கட்சி. முப்பது பேர் கொண்ட சபை. ஒருவர் பலமாகத் தும்மினால் அரசாங்கம் ஆடும். அந்த முப்பதில் ஒருவர்தான் முருகையன், முத்தியால்பேட்டை ஈச்சங்காட்டுத் தெருக்காரர், முதல் தடவை ஜெயித்த அரக்குக் கட்சி எம்எல்ஏ, பேசத் தொடங்கினால் மைக்கை ஆஃப் செய்தாலும் நிறுத்தாதவர்.

அவர் சபைக்குள் நுழைந்தபோது யாரும் அவரைப் பார்க்கவில்லை, கரையைத்தான் பார்த்தார்கள். வேட்டி கட்டிய ஆண் தன் கரையைக் குனிந்து பார்ப்பதில்லை. அது எதிரில் வருகிறவர்கள் பார்ப்பதற்காக நெய்யப்பட்டது. கிளிப்பச்சை வரிசையில் இருந்தவர்கள் எழுந்து மேசையைத் தட்டினார்கள். எப்போதும் பையில் ஒரு பொன்னாடை வைத்திருக்கும் ஒருவர் அதை எடுத்துப் போர்த்தினார். அரக்கு முதலமைச்சர் விரல்விட்டு எண்ணிப் பார்த்தார், ஒரு விரல் குறைந்தது, ராஜினாமா எழுதக் காகிதம் கேட்டார். பொன்னாடை போர்த்தியவரின் காலைத் தொடக் குனிந்தபோதுதான் முருகையன் தன் கரையை முதன்முதலாகப் பார்த்தார். நிமிர்வதற்குள் அவர் கொள்கை மாறிவிட்டது. மாலையில் அவர் தென்னைநார் மேம்பாட்டு வாரியத் தலைவர். வாசலில் நீட்டிய மைக்குகளுக்கு முன்னால், மக்கள் நலன் கருதி, நீண்ட யோசனைக்குப் பிறகு, கனத்த இதயத்தோடு இந்த முடிவை எடுத்ததாகச் சொன்னார். அந்த வாரமே ஆதரவாளர்கள் அவருக்குக் ‘கொள்கைக் குன்று’ என்று பட்டம் கொடுத்து, மணிக்கூண்டு அருகே குன்றின் மேல் அவர் நிற்பதுபோல ஒரு பேனர் வைத்தார்கள். குன்று ஊட்டியில் எடுத்தது.

“இன்னாங்க, அது சாயம் போன வேட்டிங்க,” என்றாள் ஜெயம், அவர் வீட்டுக்கு வந்ததும்.

“சாயம் இல்ல ஜெயம். மனசாட்சி.”

“மனசாட்சியா? அப்ப அதைத் தனியாதான் ஊற வைக்கணும். மத்த துணியில ஒட்டிக்கப்போவுது.”

ஜெயத்துக்கு அரக்கும் ஒன்றுதான் பச்சையும் ஒன்றுதான். அவளுக்கு வேண்டியது ஒரு வாய்க்கால். ஈச்சங்காட்டுத் தெரு மேற்கிலிருந்து கிழக்காகச் சரிந்து வந்து, கடைசியில் ஒரு பள்ளத்தில் முடிகிறது. அந்தப் பள்ளத்தில்தான் முருகையனின் வீடு. ஐப்பசி பிறந்தால் தெருவின் மொத்தத் தண்ணீரும் வேறு போக்கிடம் இல்லாமல் அவள் அடுப்படிக்கு வந்து சேரும். அடுப்பு பெஞ்சின் மேல் ஏறும், அவள் முக்காலி மேல் ஏறுவாள், கார்த்திகை முடியும்வரை அந்த வீட்டில் சமையல் கொஞ்சம் உயரத்தில் நடக்கும். பெண் பார்க்க வந்த அன்றே இந்தப் பள்ளத்தை அவள் அப்பா கவனித்துவிட்டார். மாப்பிள்ளை கட்சியில் இருக்கிறார், அடுத்த மழைக்குள் வாய்க்கால் வந்துவிடும் என்று சொல்லித்தான் கல்யாணம் முடித்தார்கள்.

வாய்க்கால் வராமல் இல்லை. வந்துகொண்டே இருந்தது. அரக்கு ஆட்சியில் தெருவின் வடபக்கம் பூமி பூஜை போட்டுப் பள்ளம் தோண்டினார்கள். கரை பச்சையானதும் வந்த கிளிப்பச்சை ஆட்சி, அது முந்தைய ஆட்சியின் பள்ளம் என்பதால் அதை மூடிவிட்டுத் தென்பக்கம் தோண்டியது. அடுத்த வருஷம் கரை மயில்கழுத்து நிறமானது. மயில்கழுத்து ஆட்சி தென்பக்கத்தை மூடிவிட்டு வடபக்கம் தோண்டியபோது, பழைய பூமி பூஜைத் தேங்காய் முளைவிட்டு உள்ளே இருந்தது. அதைப் பிடுங்கித் தெருமுனையில் நட்டார்கள். இந்த முப்பது வருஷ வளர்ச்சிப் பணிகளில் அந்தத் தென்னை ஒன்றுதான் வளர்ந்தது.

முருகையன் ஏழு முறை ஜெயித்தார். எந்தத் தேர்தலில் எந்த நிறத்தில் நின்றார் என்பது அவருக்கே சரியாக நினைவில்லை. கரை எப்போதும் அவருக்கு முன்னால் முடிவெடுத்தது. அவர் அதைப் பின்தொடர்ந்து போய்க் காரணம் சொன்னார். ஒரு முறை அரக்குக் கட்சிக்காரர்கள் அவர் பதவியைப் பறிக்கச் சொல்லி மனு கொடுத்தார்கள். கட்சித் தாவல் தடைச் சட்டம் ஆட்களுக்குத்தான் பொருந்தும், துணிக்குப் பொருந்தாது என்று மூத்த வழக்கறிஞர் ஒருவர் கருத்துச் சொன்னதும் மனு தள்ளுபடியானது. அவர் வாரியங்கள் மாறிக்கொண்டே போயின. தென்னைநார், பிறகு உப்புநீர் இறால், பிறகு மண்பாண்டம், பிறகு எதற்கென்று யாருக்கும் தெரியாத, ஆனால் கார் மட்டும் உள்ள ஒரு வாரியம்.

ஊருக்கு விஷயம் புரிய மூன்று ஆட்சிகள் பிடித்தன. புரிந்த பிறகு, ஜெயத்தின் மொட்டைமாடிக் கயிறு எங்கள் ஊரின் மிக முக்கியமான அரசாங்க அலுவலகம் ஆனது. எதிர்வீட்டு மாடியில் இருந்த மிக்கேல் பிரெஞ்சுப் படையில் வேலை பார்த்துப் பென்ஷன் வாங்குகிறவர். காலையில் பால்கனியில் காப்பியோடு உட்கார்ந்து, கயிற்றில் வேட்டி ஏறியதும் தெருவுக்குக் கேட்கிறபடி, “வொய்லா! இன்னிக்கும் அரக்குதான்!” என்று அறிவிப்பார். கீழே கண்ணகியின் இட்லிக் கடையில் நிருபர்களும் கான்டிராக்டர்களும் மப்டியில் இருக்கும் போலீஸ்காரர் ஒருவரும் கழுத்தை அண்ணாந்தபடியே சாப்பிடுவார்கள். சாம்பார் சட்டையில்தான் முதலில் விழும். அவசரப்படுகிறவர்களைக் கண்ணகி அடக்குவாள்.

“உக்காந்து இன்னும் ரெண்டு இட்லி துன்னு சார். ஆட்சி கவுற நேரம் இருக்குது. ஜெயம் அக்கா இப்பதான் அலசுது.”

ஜெயத்துக்கு ஒரு முறை காய்ச்சல் வந்து துணி துவைக்காமல் படுத்தபோது, சபையைத் தேதி குறிப்பிடாமல் ஒத்திவைத்தார்கள். தலைமைச் செயலகத்தில் பெரிய கோப்புகளில் கையெழுத்து வேட்டி காய்ந்த பிறகே விழுந்தது. அடைமழை பெய்து துணி காயாத நாட்களில் எங்கள் ஊரில் ஆட்சி கவிழ்ந்ததே இல்லை. அதனால் எந்தக் கட்சி ஆண்டாலும் முதலமைச்சர்கள் மழை வேண்டி யாகம் செய்தார்கள். மழை வந்தது. ஜெயத்தின் அடுப்படிக்குப் போனது.

மயில்கழுத்துக் கட்சித் தலைவர் ஆதிமூலம், நான்கு முறை முதலமைச்சராகி நான்கு முறையும் பாதியில் இறங்கி ஐந்தாம் முறை ஏறியிருந்தவர், ஒரு நாள் நேரிலேயே வந்தார். முக்காலியில் உட்கார்ந்து, காப்பி வேண்டாமென்று சொல்லி இரண்டு முறை குடித்தார்.

“தங்கச்சி, ஒரு மாசம் அந்த வேட்டிய தொவைக்காம இருக்கக் கூடாதா? பட்ஜெட் மட்டும் தாண்டிக்கறேன்.”

“ஒரு மாசம் தொவைக்கலன்னா உங்க ஆட்சி நிக்கும்ண்ணே. எங்க ஊட்ல மனுஷன் நிக்க முடியாது. காவாவ முடிச்சிக் குடுங்க, யோசிக்கறேன்.”

“காவா முடிக்க ஆட்சி நிக்கணுமேம்மா.”

“ஆட்சி நிக்க வேட்டி நிக்கணும்ங்கறீங்க. வேட்டி இன்னிக்கி வரைக்கும் தானா நின்னதில்லையே.”

அவர் போய், துவைத்து உள்ளேயே காயவைத்துக் கொடுக்கும் பெரிய மிஷின் ஒன்றை வாங்கி அனுப்பினார். கயிறு இல்லையென்றால் யார் கண்ணிலும் படாது என்பது அவர் கணக்கு. முதல் ஓட்டத்திலேயே வேட்டி உள்ளே சுழலச் சுழலக் கரை இரண்டு முறை மாறியது. அன்று மதியச் சாப்பாட்டுக்கு முன் ஆதிமூலத்தின் ஆட்சி போனது, சாப்பாட்டுக்குப் பின் அவரே மறுபடி பதவி ஏற்றார். மிஷினை ஜெயம் மூடிவைத்து அதன் மேல் ஊறுகாய் ஜாடிகளை அடுக்கினாள்.

முருகையனுக்கும் சில சமயம் ரோஷம் வரும். தன் வாழ்க்கையைத் துணி நடத்துகிறது என்று கண்ணகி கடையில் யாரோ சிரித்தது காதில் விழுந்த மறுநாள், கரையே இல்லாத வெள்ளை வேட்டி வாங்கிக் கட்டினார். கண்டமங்கலத்தில் ஒரு காதுகுத்துக்குப் போய்ச் சேர்வதற்குள் அதில் கரை முளைத்துவிட்டது. லுங்கி கட்டினார், கட்டம் மாறியது. கடைசியில் மிக்கேலிடம் போனார். பிரெஞ்சு தேசிய நாளான ஜூலை பதினாலு அன்று மெடல்களோடு போட்டுக்கொண்டு போகும் கால்சட்டையை மிக்கேல் கடன் கொடுத்தார். “பார்த்து போடுங்க முசியே. அது ரெண்டு யுத்தம் பாத்த பான்த்தலோன்.” அரியாங்குப்பம் பாலத்தைத் தாண்டும்போது கால்சட்டையின் இரண்டு பக்கமும் இடுப்பிலிருந்து கணுக்கால்வரை பச்சைப் பட்டை இறங்கியிருந்தது. கல்யாண மண்டபத்து வாசலில் பெண்ணின் மாமா ஓடி வந்து, மத்த பேண்டு வாத்தியக்காரங்கல்லாம் எங்கே, நேரமாச்சே என்று கேட்டார். முருகையன் வேட்டிக்குத் திரும்பினார்.

‘தானே’ புயலில் தண்ணீர் முக்காலிவரை வந்தது. ஃபெஞ்சல் புயலில் முக்காலியே மிதந்தது. ஈச்சங்காட்டுத் தெருவில் மீன்காரர்களின் ஃபைபர் படகு வந்தது. முருகையன் அதில் நின்றபடி வீடு வீடாக பிரெட் பாக்கெட் கொடுத்துக்கொண்டு வந்தார், பின்னால் ஒருவர் குடை பிடித்தார், ஒருவர் வீடியோ எடுத்தார். கடைசி வீட்டுக்கு வந்து, ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு மேசைமேல் நின்றிருந்த பெண்மணியிடம் ஒரு பாக்கெட்டை நீட்டி, “அரசு உங்க கூட இருக்குதும்மா,” என்றார். வீடியோ எடுத்தவர் நிறுத்தின பிறகுதான் அது ஜெயம் என்று அவருக்குத் தெரிந்தது. அவளுடைய இட்லிக் குண்டான், தோசைக்கல், வெங்கல உருளி எல்லாம் தெருவோடு மிதந்து கண்ணகி கடைப் படிக்கட்டில் ஒதுங்கியிருந்தன. தோசைக்கல் எப்படி மிதந்தது என்று யாரும் கேட்கவில்லை.

ஜெயம் பிரெட்டை வாங்கிக்கொண்டாள். தண்ணீர் வடிந்து வீடு கழுவிய பிறகு சொன்னாள்.

“அடுத்த ஐப்பசியில இந்த அடுப்படியில ஒரு சொட்டுத் தண்ணி வந்துச்சு, நான் அரியாங்குப்பத்துல எங்க தம்பி ஊட்டுக்குப் போயிடுவேன். வேட்டிய நீங்களே தொவைச்சிக்கங்க. எந்த ஆட்சி வேணுமோ புழிஞ்சிக்கங்க.”

முருகையன் பயந்துபோனார். முப்பது வருஷத்தில் முதல்முறையாக ஆதிமூலத்தின் காலில் ஒரு வாரியத்துக்காக இல்லாமல் ஒரு வாய்க்காலுக்காக விழுந்தார். புயல் நிவாரணத்தோடு சேர்த்து வாய்க்காலுக்கு உத்தரவு வந்தது, பூமி பூஜை நடந்தது, தெருவில் ஜல்லி கொட்டினார்கள், முருகையன் வீட்டு வாசலில் சிமெண்டு மூட்டைகளை அடுக்கினார்கள். பாதித் தெருவரை பள்ளம் வந்துவிட்டது. தை பிறந்து சில நாள் கழித்து, ஜெயம் வேட்டியைப் பிழிந்து உதறினாள். மயில்கழுத்துக் கரையின் ஓரத்தில் ஒரே ஒரு நூல் கிளிப்பச்சையாகியிருந்தது.

நாளைக்குள் கரை முழுவதும் பச்சையாகும், அடுத்த நாள் ஆட்சி போகும், அதற்கடுத்த நாள் புதிய கான்டிராக்டர் வந்து வடபக்கத்தை மூடிவிட்டுத் தென்பக்கத்தைத் தோண்டுவான் என்று அவளுக்குத் தெரியும். வேட்டியைக் கயிற்றில் போடாமல் சுருட்டிக்கொண்டு கீழே இறங்கினாள். கஞ்சி போடும் அண்டாவை எடுத்து வாசலில் வைத்தாள். அப்போதுதான் கடையை மூடிவிட்டு வந்த கண்ணகி எட்டிப் பார்த்தாள்.

“இன்னாக்கா, கஞ்சி இம்மாம் கெட்டியா கரைக்கற?”

“கஞ்சி இல்ல. சிமெண்டு.”

கண்ணகி புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, மூட்டையைச் சாய்த்துப் பிடித்தாள்.

“நெறம் மாறிடாதா அக்கா?”

“மாறட்டும். செட்டான சிமெண்டு எப்பிடி மாறுதுன்னு நானும் பாக்கறேன்.”

இரண்டு பேரும் வேட்டியை நன்றாக முக்கி எடுத்து, அண்டாவைக் கவிழ்த்து அதன்மேல் சுற்றி விட்டார்கள். முருகையன் வேட்டியில் நடந்த எத்தனையோ நிறமாற்றங்களில், மனிதக் கையால் நடந்தது இது ஒன்றுதான்.

காலையில் வேட்டி தன் சொந்தக் காலில் நின்றது. முருகையன் வழக்கம்போலக் கீழே பார்க்கவில்லை. இடுப்புக்குச் சுற்ற வரவில்லை என்று மட்டும் தெரிந்தது, முக்காலி போட்டு ஏறி மேலிருந்து உள்ளே இறங்கிக்கொண்டார். காரில் உட்கார முடியாததால் பின் கதவைத் திறந்து படுக்கவைத்துக் கொண்டுபோனார்கள். சபையில் எல்லோரும் உட்கார்ந்த பிறகும் அவர் நின்றுகொண்டிருந்தார். ஏன் நிற்கிறார் என்று பார்த்தவர்கள் கரையைப் பார்த்தார்கள். அது அரக்கும் இல்லை, பச்சையும் இல்லை, மயில்கழுத்தும் இல்லை. சிமெண்டு நிறம்.

அந்த நிறத்தில் இந்தியாவில் எங்குமே கட்சி கிடையாது. அதனால்தான் பயம் வந்தது. டெல்லியில் புதிதாக ஏதோ தொடங்கியிருக்கிறது என்றார் ஒருவர். இல்லை, ஒரு நடிகர் வருகிறார், கொடியை ரகசியமாக வைத்திருக்கிறார் என்றார் இன்னொருவர். முப்பது வருஷமாக முருகையனின் கரை ஒரு முறைகூடத் தோற்கிற பக்கம் போனதில்லை என்பது மட்டும் எல்லோருக்கும் தெரியும். ஆதிமூலம் மதியத்துக்குள் செய்தியாளர்களைக் கூட்டி, தங்கள் கட்சியின் ஆதி நிறமே சிமெண்டு நிறம்தான், நடுவில் சிலர் மயில்கழுத்து என்று திரித்துவிட்டார்கள் என்று அறிவித்தார். கிளிப்பச்சைக்காரர்கள், எங்கள் நிறத்தைத் திருடிவிட்டான் என்று மறியல் செய்தார்கள், சிமெண்டு நிறக் கொடிகளோடு. அரக்குக் கட்சி தாமதமாக விழித்துக்கொண்டு, கறுப்பும் வெளுப்பும் சேர்ந்த சமத்துவத்தின் நிறம் என்று ஒரு விளக்கத்தோடு வந்தது. வெள்ளிக்கிழமை சபை கூடியபோது முப்பது வேட்டியிலும் ஒரே கரை. நேரு வீதியில் வேறு நிறம் கேட்டால் கடைக்காரர்கள் சந்தேகமாகப் பார்த்தார்கள்.

அதிலிருந்து எங்கள் ஊரில் ஆட்சி கவிழவில்லை. தாவுவதற்கு எதிர்ப்பக்கம் என்று ஒன்று இருந்தால்தானே. யார் ஆளுங்கட்சி, யார் எதிர்க்கட்சி என்று சபாநாயகருக்கே தெரியாததால், அவர் கேட்டதையெல்லாம் எல்லோரும் ஆமோதித்தார்கள். புதிய கான்டிராக்டரைப் போட யாருக்கும் தைரியம் வரவில்லை. பழையவன் யாருடைய ஆளோ என்று ஒவ்வொருவரும் பயந்தார்கள். அவனும் தன்னை யார் போட்டார்கள் என்று தெரியாமல் பயந்து, வேலையை ஒழுங்காகச் செய்தான். ஈச்சங்காட்டுத் தெரு வாய்க்கால் முதன்முறையாகப் பாதித் தெருவைத் தாண்டியது.

பட்ஜெட் கூட்டத்தொடரில் ஒரு நாள், முருகையன் அரியாங்குப்பத்து விருந்தில் சாப்பிட்ட இறால் ஒத்துக்கொள்ளாமல் காலையில் கழிவறையிலேயே இருந்தார். கார் வந்து ஹாரன் அடித்தது. கூடத்து மூலையில் நின்றிருந்த வேட்டி நடந்துபோய் ஏறிக்கொண்டது. டிரைவர் எப்போதும் கரைக்குத்தான் சல்யூட் அடிப்பவர், அன்றும் அடித்தார். சபையில் அதன் இடத்தில் அது நின்றது. வருகை குறித்தார்கள். வாய்க்கால்களுக்கான நிதியை ஆதரிப்பவர்கள் எழுந்து நிற்கலாம் என்றார் சபாநாயகர். அது ஏற்கெனவே நின்றது. மற்றவர்கள் அதைப் பார்த்து எழுந்தார்கள். வித்தியாசத்தை முதலில் கண்டுபிடித்தது கேண்டீன்காரர்தான். எம்எல்ஏ இன்னிக்கி வடை சொல்லலையே என்று கேட்டாராம்.

இரண்டாம் நாள் முருகையன் உடம்பு தேறி, வேறு வேட்டி காயாததால் லுங்கியோடு ஆட்டோ பிடித்துச் சபைக்குப் போனார். வாசல் காவலர் கையை நீட்டி மறித்தார்.

“யாரு நீங்க?”

“நான் முருகையன். ஈச்சங்காட்டுத் தெரு. ஏழு தடவ எம்எல்ஏ.”

“அவரு உள்ள இருக்காரு ஐயா. மனு எதுனா இருந்தா குடுத்துட்டுப் போங்க.”

ஆதிமூலத்துக்குப் போன் செய்தார். ஆதிமூலம் மரியாதையாகத்தான் பேசினார். “தம்பி, தப்பா எடுத்துக்காத. அது வந்து நின்னா போதும்னு எல்லாரும் சொல்றாங்க. பேசறதும் இல்ல, வாரியம் கேக்கறதும் இல்ல. நீ வந்தாதான் கொஞ்சம் கொழப்பமா இருக்கும்.”

முருகையன் திரும்பி வந்து கூடத்தில் உட்கார்ந்தார். அன்று முழுவதும் யாரும் அவரைத் தேடி வரவில்லை. வந்தவர்களும், ஐயா எப்ப வருவாங்க என்று அவரிடமே கேட்டுவிட்டுப் போனார்கள். அவருக்கு அழுகை வந்தது. கட்டியிருந்த லுங்கியைப் பார்த்தார். நீலக் கட்டம் நீலமாகவே இருந்தது. மறுநாளும் இருந்தது. அதற்குப் பிறகு அவர் உடுத்திய எதுவும் நிறம் மாறவில்லை. ஜெயம் இரண்டு நாள் விட்டுப் பார்த்தாள், மூன்றாம் நாள் ஒரு மண்வெட்டியை அவர் பக்கத்தில் சாய்த்தாள்.

“தெருமுனையில தென்ன மட்டை ஒண்ணு காவாவுல வுழுந்து அடைச்சிக்கினு இருக்குது. போய் எடுத்துப் போடுங்க.”

“நானா?”

“வேற யாரு, குன்றா வரும்?”

அவர் போனார். மட்டையை இழுத்துப் போட்டார். தேங்கி நின்ற தண்ணீர் குடுகுடுவென்று ஓடியது. மேலே பால்கனியிலிருந்து மிக்கேல் காப்பியை வைத்துவிட்டுக் கைதட்டினார். “பிராவோ முசியே லெ தெப்புத்தே!” பிரெஞ்சில் எம்எல்ஏவை அப்படித்தான் அழைப்பார்கள். முருகையன் நிமிர்ந்து கும்பிட்டார், பிறகு பழக்கதோஷத்தில் பேசத் தொடங்கினார், மக்கள் நலன் கருதி என்று வந்ததும், அடுத்தாற்போல் என்ன சொல்வதென்று தெரியாமல், இன்னும் கொஞ்சம் சேறு இருக்கிறது என்று சொல்லி மறுபடி குனிந்துகொண்டார். முப்பது வருஷத்தில் அந்தத் தெரு கேட்ட அவருடைய சின்னப் பேச்சு அதுதான். கண்ணகி அவருக்கு இட்லி கொடுத்துக் காசு வேண்டாமென்றாள். எம்எல்ஏவாக இருந்தபோதும் அவர் காசு கொடுத்ததில்லை, ஆனால் வேண்டாமென்று அவள் சொன்னது அன்றுதான்.

புரட்டாசியில் வாய்க்கால் முடிந்தது. திறப்பு விழாவுக்கு வேட்டி வந்தது. கத்தரிக்கோல் பிடிக்கக் கையில்லாததால் ரிப்பனில் முட்டி அறுத்துக்கொண்டு போனது. இவ்வளவு சீக்கிரம் முடிந்த திறப்பு விழாவை எங்கள் ஊர் கண்டதில்லை. கல்வெட்டில் ‘மாண்புமிகு’ போட்டிருக்கிறார்கள், பெயர் போடவில்லை. வரும் தேர்தலிலும் அதற்குத்தான் சீட்டு என்று எல்லாக் கட்சிகளும் ஒருமனதாகச் சொல்லிவிட்டன. அதை எதிர்த்து நிற்க முருகையனை யாரோ கேட்டார்கள். வாய்க்காலில் வேலை இருக்கிறது என்றார்.

ஐப்பசியில் மழை பிடித்துக்கொண்டது. மூன்றாவது நாள் தெருவின் மொத்தத் தண்ணீரும் மேற்கிலிருந்து இரைந்துகொண்டு வந்து, பள்ளத்தில் இருந்த கடைசி வீட்டைப் பார்த்து, திரும்பி, வாய்க்காலுக்குள் இறங்கிப் போனது. ஜெயம் அடுப்படியில் தரையில் கால் பரப்பி நின்று தோசை வார்த்தாள். குதிகாலைத் தூக்கி அடியில் தொட்டுப் பார்த்தாள்; காய்ந்திருந்தது. வெளியே கார் ஹாரன் கேட்டது. முருகையன் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு, குடையை எடுத்துக்கொண்டு ஓடினார். வேட்டி இறங்கியது. விறைப்பாக இருப்பதால் அதனால் வேகமாக நடக்க முடியாது. அவர் அரையடி பின்தள்ளி, தான் நனைந்தாலும் குடை முழுவதும் அதன்மேல் இருக்கும்படி பிடித்துக்கொண்டு, அதன் நடைக்கு நடந்து வந்தார்.

“இன்னாங்க,” என்று உள்ளேயிருந்து குரல் வந்தது. “சேறு மிதிச்சிருந்தா வாசல்லயே கால் கழுவிட்டு வரச் சொல்லுங்க. இப்பதான் தொடைச்சேன்.”

“அதுக்குக் கால் இல்ல ஜெயம்.”

“கால் இல்லாமலா தெனம் சட்டசபைக்குப் போய்ட்டு வருது?”

வேட்டி மிதியடியில் ஏறி நின்று, சொட்டுவது நிற்கும்வரை காத்திருந்து, பிறகு உள்ளே போனது.